முப்பதில் அம்மா, அறுபதில் முதலாளி

"வயசானதுக்கு அப்புறம் இதையெல்லாம் எவன் பார்ப்பான்?"

நீலப்படத் தொழிலைப் பற்றி கோலாலம்பூர் பிரிக்பீல்ட்ஸ் மாமாக் உணவுக்கடையில் பேச்சு எழுந்தால், சிரிப்பு அடங்கியதும் வரும் முதல் கேள்வி இதுதான். கேட்பவரைக் குறை சொல்ல முடியாது. தொண்ணூறுகளின் கடைசியில் சௌக்கிட் நடைபாதையில் கித்தான் விரித்து விற்ற விசிடி உறைகளில் ஒரே அச்சில் வார்த்த இளம் முகங்கள்தான் இருந்தன. தமிழ்நாட்டில் 'பிட்டுப் படம்', 'பலான படம்' என்று சொல்லிப் பழகியவர்களுக்கும் அதே எண்ணம்தான்: வருவார்கள், இரண்டு வருடம் இருப்பார்கள், காணாமல் போவார்கள். பெரும்பாலோர் விஷயத்தில் அது உண்மையும்கூட.

ஆனால் அமெரிக்காவின் நினா ஹார்ட்லி 1984இல் நடிக்க வந்தவர். 1959இல் பிறந்தவர், செவிலியர் பட்டம் பெற்றவர். ஏறக்குறைய நாற்பது ஆண்டு அந்தத் தொழிலிலேயே இருந்திருக்கிறார். ஜப்பானின் ஷிகேயோ தொகுதா 1934இல் பிறந்தவர். பயண நிறுவன ஊழியராக இருந்தவர், அறுபதை ஒட்டிய வயதில் கேமரா முன் வந்து, எழுபதைத் தாண்டிய பிறகுதான் உலகச் செய்தியானார். அதே நாட்டில் மாவோரி தெசுகா 71 வயதில் தொடங்கி 80இல் ஓய்வு பெற்றார். நம் தமிழ் சினிமாவில் கதாநாயகியாகவே நாற்பது ஆண்டு நின்ற ஒருவரைக் காட்டுங்கள் பார்ப்போம்.

ஆக, பார்க்க ஆள் இருக்கிறது. பார்ப்பவன் கொடுக்கும் காசு யார் கல்லாவில் விழுகிறது என்பதுதான் கேள்வி. இந்தத் தொழிலில் நீண்ட நாள் நிலைத்தவர்களையும் சீக்கிரம் உதிர்ந்தவர்களையும் பிரித்த கோடு அதுதான். முகச் சுருக்கத்துக்கு அதில் இரண்டாம் இடம்.

முதலில் 'முதிர்ந்தவர்' என்ற முத்திரையைப் பார்ப்போம். 1999இல் வந்த ஓர் அமெரிக்க இளைஞர் நகைச்சுவைப் படம், நண்பனின் அம்மாவைக் குறிக்கும் நாலெழுத்துச் சுருக்கம் ஒன்றை ஊரறியச் செய்தது. அந்தச் சொல் தேடுபொறிகளில் ஏறி, தனி வகைமையாகி, பிறகு அந்தத் துறையின் விருது விழாவில் தனிப் பரிசாகவே ஆனது. இதில் கூத்து என்னவென்றால், அந்த முத்திரை நாற்பது ஐம்பது வயதுக்காரர்கள் மேல் மட்டும் விழுவதில்லை. முப்பதைத் தொட்டதுமே விழுந்துவிடுகிறது. முப்பத்திரண்டு வயதுப் பெண், தன்னைவிட ஏழெட்டு வயதே இளைய ஒருவனுக்கு மாற்றாந்தாயாக நடிக்க வேண்டும். நேற்று கதாநாயகி, இன்று அண்ணி, நாளை அம்மா என்ற கோடம்பாக்கக் கணக்கை அறிந்த நமக்கு இது புதிதல்ல. அங்கே படிகள் இன்னும் செங்குத்து, அவ்வளவுதான்.

இடையில் ஒரு பள்ளம் இருக்கிறது. இருபதுகளின் பின்பாதியில் 'புதுமுகம்' என்ற கவர்ச்சி தீர்ந்திருக்கும், 'முதிர்ந்தவர்' என்ற முத்திரையும் இன்னும் விழுந்திருக்காது. அழைப்புகள் குறைவது அப்போதுதான். பலர் தொழிலை விடுவதும் அப்போதுதான். முப்பத்தைந்தில் திரும்பி வருகிறவர்களும், அந்த வயதில்தான் முதன்முதலாக வருகிறவர்களும் இந்தப் பள்ளத்தில் கால் வைப்பதே இல்லை. பழைய எடுத்துக்காட்டு ஜார்ஜினா ஸ்பெல்வின். பிராட்வே மேடையில் குழு நடனம் ஆடியவர். 1973இல் வெளியான ஒரு படத்துக்குச் சமையல் வேலைக்காக வந்து, கடைசியில் அதன் நாயகியானார். அப்போது அவருக்கு முப்பதுகளின் நடு வயது. குளோரியா லியோனார்ட் 1940இல் பிறந்து, முப்பதுகளின் நடுவில்தான் நடிக்கவே வந்தார்.

இனி சம்பளம். படம் எத்தனை முறை விற்றாலும் நடித்தவருக்கு ஒரு தடவைதான் கூலி. காட்சிக்கு இவ்வளவு என்று பேசி, அன்று மாலையே கையெழுத்தும் காசோலையும் கைமாறிவிடும். ஹாலிவுட் நடிகர் சங்க ஒப்பந்தத்தில் மறுஒளிபரப்புக்குப் பங்கு உண்டு, இங்கே கிடையாது. எடுத்த காட்சியைத் தொகுப்புப் படத்தில் சேர்த்தாலும், பெயரை மாற்றி விற்றாலும், இருபது வருடம் கழித்து வேறு தளத்துக்குக் கொடுத்தாலும் நடித்தவருக்குச் சல்லிக்காசு வராது. உரிமை முழுவதும் தயாரிப்பாளருக்கு என்று அந்த ஒரு தாளில் எழுதியிருக்கும்.

நடித்தவர் சட்டப்படி ஊழியரும் அல்ல, சுயதொழில் செய்பவர். அதனால் அமெரிக்காவில் சமூகப் பாதுகாப்புக்கும் முதியோர் மருத்துவத்துக்கும் சேர்த்து 15.3 விழுக்காட்டைத் தானே கட்ட வேண்டும். மற்ற வேலைகளில் இதில் பாதியை முதலாளி கட்டுவார். நம் மலேசிய ஈபிஎஃப் சேமநிதிக் கணக்கில் சொன்னால் தொழிலாளி பங்கும் முதலாளி பங்கும் ஒரே பையிலிருந்து போகிறது. பலர் இந்த வரியையே கட்டாமல் விட்டுவிடுவார்கள். கட்டாத வருடங்கள் ஓய்வூதியக் கணக்கில் சுழியமாக நிற்கும், அறுபத்தைந்தில்தான் அது வலிக்கும்.

வயது கூடும்போது என்ன ஆகிறது என்பதை ஒரு சின்னக் கணக்கு காட்டும். காட்சிக்கு 1,000 டாலர், முகவருக்கு 15 விழுக்காடு, நோய்ச் சோதனைக்கு ஒரு தடவை 150 டாலர், 14 நாளுக்கு ஒரு சோதனை என்று வைத்துக்கொள்வோம். மாதம் ஆறு காட்சி கிடைக்கும் இளையவருக்கு 6,000 வரும். முகவருக்கு 900, சோதனைக்கு 300 போனால் 4,800 மிச்சம். மாதம் இரண்டே காட்சி கிடைக்கும் மூத்தவருக்கு 2,000இல் 300 முகவருக்கு, 300 சோதனைக்கு, மிச்சம் 1,400. அழைப்பு மூன்றில் ஒன்றாகக் குறைந்தாலும் சோதனைச் செலவு அப்படியே நிற்கிறது. வருமானத்தில் இருபதில் ஒரு பங்காக இருந்தது ஏழில் ஒரு பங்காகிவிடுகிறது. வாடகை, தலைமுடி, பல், உடை எல்லாம் இதே ரகம். மூத்த கலைஞரைத் தொழிலிலிருந்து தள்ளுவது பெரும்பாலும் இந்த நிலைச்செலவுதான். பார்வையாளன் கைவிட்டதாக அவர்களே நினைத்துக்கொள்வார்கள், கணக்கு நோட்டு வேறு கதை சொல்லும்.

அனுபவசாலிகள் இதற்கு எளிய வழி வைத்திருக்கிறார்கள். படப்பிடிப்புகளைச் சிதற விடாமல் ஒரே சோதனைச் சீட்டுக்குள் அடுக்குவார்கள். இரத்தமும் சிறுநீரும் கொடுத்த நாளிலிருந்து 14 நாள்தான் சீட்டு செல்லும். முடிவு வர ஓரிரு நாள் போய்விடும். மிச்சம் பன்னிரண்டு நாள். அதற்குள் நான்கு படப்பிடிப்பை முடித்துவிட்டு, அடுத்த ஒன்றரை மாதம் சோதனையே இல்லாமல் தொகுப்பு வேலை, விற்பனை என்று இருப்பார்கள். உடம்புக்கும் ஓய்வு கிடைக்கும்.

சோதனை என்றதும் கொஞ்சம் நிற்க வேண்டும், நீண்ட தொழில்வாழ்வைச் சாத்தியமாக்கிய காரணங்களில் அதுவும் ஒன்று. 1998இல் ஷாரன் மிட்செல் என்ற முன்னாள் நடிகை லாஸ் ஏஞ்சலிஸில் ஒரு மருத்துவ அமைப்பைத் தொடங்கி மாதாந்தரச் சோதனையை வழக்கமாக்கினார். 2004இல் ஒரு நடிகர் வெளிநாட்டுப் படப்பிடிப்பில் எச்ஐவி தொற்றி வந்து, தெரியாமல் சக நடிகைகளுக்கும் கொடுத்துவிட்டார். தயாரிப்பே வாரக்கணக்கில் நின்றது. அந்த அமைப்பு 2011இல் மூடப்பட்டது. பிறகு வந்த முறையில் 30 நாள் இடைவெளி 14 ஆனது. எச்ஐவிக்கு வைரஸின் மரபணுவையே தேடும் சோதனை, அதோடு கொனோரியா, கிளமிடியா, சிபிலிஸ், கல்லீரல் அழற்சி பி, சி, டிரைகோமோனாஸ். முடிவு ஒரு தரவுத்தளத்தில் ஏறும். 'நடிக்கலாம்', 'நடிக்கக் கூடாது' என்பது மட்டும்தான் தயாரிப்பாளருக்குத் தெரியும், என்ன நோய் என்று தெரியாது.

ஓட்டை எங்கே? மரபணுச் சோதனையிலும் எச்ஐவி தொற்றிய பத்தாம் நாளிலிருந்து முப்பத்துமூன்றாம் நாள் வரைக்குள்தான் பிடிபடும். பத்து நாளுக்குள் எடுத்த சோதனை 'சுத்தம்' என்றே சொல்லும். சிபிலிஸின் எதிர்ப்பொருள் தெரிய வாரங்கள் ஆகலாம். சிறுநீர் மட்டும் கொடுத்தால் தொண்டையில் இருக்கும் கொனோரியா தப்பிவிடும், அதற்குத் தனியாகப் பஞ்சுக்குச்சி வைத்து எடுக்க வேண்டும். இருபது வருடம் நோயில்லாமல் ஓடியவர்கள் சீட்டை மட்டும் நம்பியவர்கள் அல்லர். யாருடன் நடிப்பது என்பதைச் சின்ன வட்டத்துக்குள் வைத்துக்கொண்டவர்கள். கருப்பைவாய்ப் புற்றுநோயை உண்டாக்கும் ஹெச்பிவி வைரஸுக்கான தடுப்பூசியை 45 வயது வரை போடலாம் என்று அமெரிக்க மருந்து ஆணையம் 2018இல் அனுமதித்தது, மூத்தவர்களுக்கு நல்ல செய்தி.

அடுத்து உடம்பு. பெண்களுக்கு மாதவிடாய் நிற்கும் சராசரி வயது ஐம்பதை ஒட்டி. ஈஸ்ட்ரோஜன் குறையக் குறைய பிறப்புறுப்பின் உட்தோல் மெலிந்து, வறண்டு, சின்ன உராய்விலும் கீறல் விழும். கீறல் என்றால் நோய் ஏற வாசல். இதற்கு மகப்பேறு மருத்துவர்கள் உள்ளே மட்டும் பூசும் ஈஸ்ட்ரோஜன் களிம்போ மாத்திரையோ தருவார்கள். முழுப் பலன் தெரிய எட்டு முதல் பன்னிரண்டு வாரம் ஆகும். படப்பிடிப்புக்கு முந்தின வாரம் தொடங்கிப் பயனில்லை. மார்பகப் புற்றுநோய் வந்தவர்கள் மருத்துவரைக் கேட்காமல் தொடவே கூடாது.

மசகுத் திரவத்தில் பலர் தவறுகிறார்கள். உலக சுகாதார நிறுவனம் 2012இல் தந்த குறிப்பின்படி, அதில் கரைந்திருக்கும் பொருள்களின் அடர்வு கிலோவுக்கு 1,200 மில்லி ஆஸ்மோலைத் தாண்டக் கூடாது, 380க்குள் இருந்தால் சிறப்பு. அமிலத்தன்மையைக் காட்டும் பிஹெச் அளவு 4.5ஐ ஒட்டி இருக்க வேண்டும். கடையில் கிடைக்கும் பல சரக்குகள் கிளிசரினையும் புரொபிலீன் கிளைக்காலையும் கொட்டிச் செய்தவை, அடர்வு பல மடங்கு. உப்பில் போட்ட மாங்காய் மாதிரி, அது திசுவிலிருந்து நீரை இழுத்துக்கொள்ளும். ஈரமாக்க வாங்கியது இன்னும் வறட்சியாக்கும். சிலிகான் திரவத்துக்கு இந்தத் தொல்லை இல்லை, நேரமும் தாங்கும். ஆனால் சிலிகானில் செய்த பொருள்களைக் கெடுக்கும், படுக்கை விரிப்பிலிருந்து போகாது. எண்ணெய் எதுவானாலும் லேட்டக்ஸ் ஆணுறையோடு சேரவே கூடாது. கனிம எண்ணெய் பட்டால் உறை சில நிமிடங்களிலேயே வலுவிழந்துவிடும்.

ஆண்கள் பக்கம் கதை வேறு. வயாகரா என்று விற்கும் சில்டெனாஃபில் மாத்திரை 1998 மார்ச்சில் அனுமதி பெறும் வரை, நாற்பதைத் தாண்டிய ஆண் நடிகரின் வாழ்வு அன்றைய உடல்நிலையை நம்பியே இருந்தது. மாத்திரை வந்ததும் வரிசையில் நின்ற இளையவர்களுக்கும் மூத்தவர்களுக்கும் இடையே இருந்த வித்தியாசம் சுருங்கிவிட்டது. அரை மணியிலிருந்து ஒரு மணி நேரத்துக்குள் வேலை செய்யும், நாலு மணி நேரம் போலத் தாங்கும். கொழுப்பான சாப்பாட்டுக்குப் பின் போட்டால் தாமதமாகும். இயக்குநர் மதியச் சாப்பாடு வரவழைத்துவிட்டு நடிகரைத் திட்டுவதன் பின்னணி இதுதான். நெஞ்சுவலிக்கு நைட்ரேட் எடுப்பவர் தொட்டால் இரத்த அழுத்தம் அதலபாதாளத்துக்குப் போய் உயிரே போகலாம். அடுத்த கட்டமாக உறுப்பிலேயே நேரடி ஊசி போடுகிறவர்களும் உண்டு. நாலு மணி நேரம் தாண்டியும் தளராவிட்டால் அவசரப் பிரிவுக்கு ஓட வேண்டும். வெட்கப்பட்டுத் தள்ளிப்போட்டால் திசு நிரந்தரமாகக் கெட்டுவிடும்.

நம் ஊர்க்காரர்களுக்கு ஓர் இடைச்செருகல். 'இயற்கை மூலிகை' என்று பாசார் மாலாம் எனும் இரவுச் சந்தையிலும் பெட்ரோல் நிலையத்திலும் விற்கும் ஆண்மைக் காப்பிப் பொட்டலங்களில் இதே மருந்துகளைச் சொல்லாமல் கலந்திருப்பதை மலேசிய சுகாதார அமைச்சு பலமுறை கண்டுபிடித்துத் தடை செய்திருக்கிறது. தொங்காட் அலி மூலிகை என்று நினைத்துக் குடித்த இதய நோயாளிக்கு அதில் எத்தனை மில்லிகிராம் என்று எந்த உறையிலும் எழுதியிருக்காது.

ஒளியமைப்புக்கு அதிகம் சொல்ல வேண்டியதில்லை. பெரிய, மென்மையான விளக்கைக் கண் மட்டத்துக்குச் சற்று மேலே, நடிப்பவருக்கு அருகிலேயே வைத்தால் சுருக்கத்தின் நிழல் நிரம்பிவிடும். பக்கவாட்டில் வரும் கடுமையான ஒளிதான் ஒவ்வொரு கோட்டையும் செதுக்கிக் காட்டும். உயர்தெளிவு கேமரா வந்தபோது பலர் பயந்தார்கள். ஆனால் முதிர்ந்தவரைத் தேடி வரும் பார்வையாளன் வழவழப்பாக்கிய தோலைக் கண்டால் ஏமாற்றினார்கள் என்றுதான் சொல்வான். பேரிளம்பெண் பாத்திரத்துக்குப் பள்ளிப் பையன் கைபேசியின் அழகுவடிகட்டி எதற்கு?

இனி, கல்லாவைத் தம் பக்கம் திருப்பியவர்கள். குளோரியா லியோனார்ட் நடித்துக்கொண்டிருந்தபோதே 1977இல் ஓர் ஆண்கள் இதழின் வெளியீட்டாளரானார், பிற்பாடு அந்தத் துறையின் வணிகச் சங்கத்துக்கும் தலைமை தாங்கினார். கேண்டிடா ராயல் 1980 வாக்கில் நடிப்பதை நிறுத்திவிட்டு, 1984இல் பெண் பார்வையாளருக்காகப் படம் எடுக்கும் சொந்த நிறுவனத்தைத் தொடங்கினார். 1983இல் இவர்களும் வேறு சில நடிகைகளும் நியூயார்க்கில் ஒரு வீட்டுக்கூட்டமாகக் கூடத் தொடங்கினார்கள். பொழுதுபோக்குக் கூட்டமல்ல. குழந்தை, குடும்பம், பணம், அடுத்து என்ன என்று பேசிக்கொள்ளும் கூட்டம். அதில் பலர் இயக்குநர், தயாரிப்பாளர், கல்வியாளர் என்று பல பத்தாண்டு நிலைத்தார்கள். ராயல் 2015இல் இறந்தார், அவருடைய நாட்குறிப்புகளும் தாள்களும் இன்று ஹார்வர்டின் ஷ்லெசிங்கர் நூலகத்தில் இருக்கின்றன. நினா ஹார்ட்லியும் தன் செவிலியர் படிப்பை மூலதனமாக்கிக் கல்விப் படங்கள் செய்தார். அவர் நாற்பது ஆண்டு நின்றதில் அந்தப் படங்களுக்குப் பெரிய பங்கு உண்டு.

2007 வாக்கில் இலவசக் காணொளித் தளங்கள் வந்து வட்டு விற்பனையை முறித்தன. தயாரிப்பு நிறுவனங்கள் சுருங்கின, காட்சிக் கூலி ஏறவில்லை. மூத்தவர்களைத் தூக்கிவிட்டது 2016இல் லண்டனில் தொடங்கிய ஒன்லிஃபேன்ஸ் போன்ற சந்தா முறைதான். தளம் 20 விழுக்காடு எடுத்துக்கொள்ளும், 80 கலைஞருக்கு. மாதம் 10 டாலர் கட்டும் 300 பேர் இருந்தால் 2,400 டாலர். லட்சம் பேர் தேவையில்லை, முந்நூறு பேர் போதும். இருபது வருடமாகப் பெயர் தெரிந்தவருக்கு முந்நூறு பேரைச் சேர்ப்பது, நேற்று வந்தவர் சேர்ப்பதைவிடச் சுலபம். வயது பலமாக மாறும் இடம் இதுதான்.

ஆனால் மாதம் மூன்றில் ஒருவர் விலகுவார் என்று கணக்கு வைத்தால், அதே இடத்தில் நிற்கவே மாதம் நூறு புதியவர் வேண்டும். அதனால்தான் தேர்ந்தவர்கள் சந்தாவை மட்டும் நம்புவதில்லை. பழைய காட்சிகளைத் தனித்தனியாக விற்கும் கிடங்கும் வைத்திருப்பார்கள். ஐந்து வருடத்தில் வாரம் ஒன்று எடுத்தாலே 260 துண்டு. ஒவ்வொன்றும் மாதம் ஒருமுறை விற்றாலும் படுத்திருக்கும்போதும் காசு வரும். வீடியோவுக்கு வைக்கும் தலைப்பும் தேடுசொல்லும் முகத்தைவிட முக்கியம் என்று அவர்கள் சொல்வது மிகையல்ல.

இருவர் சேர்ந்து எடுக்கும்போது கூலி கொடுக்காமல் காட்சியைப் பரிமாறிக்கொள்வது இப்போதைய வழக்கம். எடுத்த பதிவு இருவருக்கும் சொந்தம், இருவரும் அவரவர் கடையில் விற்கலாம். கெடுவது இப்படித்தான்: பதிவு அட்டை ஒருவரிடம் மட்டும் இருக்கும், மற்றவருக்கு 'நாளைக்கு அனுப்புகிறேன்'. அல்லது ஒருவர் முழுக் காட்சியையும் விளம்பரத்துக்கென்று இலவசமாக ஏற்றிவிடுவார். அல்லது இரண்டு வருடத்தில் ஒருவர் கல்யாணம் செய்துகொண்டு எல்லாவற்றையும் அழிக்கச் சொல்வார். ஆகவே அன்றே, வீட்டைவிட்டுக் கிளம்பும் முன், நகல் இருவர் கையிலும் இருக்க வேண்டும். ஒப்புதல் தாள் இரண்டு, இவர் அவருக்கும் அவர் இவருக்கும். இலவசத் துண்டு எத்தனை நொடி, யார் எப்போது வெளியிடுவது, நீக்கச் சொன்னால் எத்தனை நாளில் நீக்குவது என்பதும் அதிலேயே.

இந்த முறையின் கழுத்து வங்கியின் கையில் இருக்கிறது. 2021 ஆகஸ்டில் ஒன்லிஃபேன்ஸ் நீலக் காட்சிகளைத் தடை செய்வதாக அறிவித்து, ஒரே வாரத்தில் பின்வாங்கியது. வங்கிகள் நெருக்கின என்று அதன் தலைமையே சொன்னது. அதே ஆண்டு அக்டோபரில் மாஸ்டர்கார்டின் புதிய விதிகள் வந்தன: காட்சியில் இருக்கும் ஒவ்வொருவரின் வயதுக்கும் ஒப்புதலுக்கும் ஆவணம், வெளியிடும் முன் பரிசீலனை, புகார் வந்தால் ஏழு வேலை நாளுக்குள் தீர்வு. விதி நல்ல விதிதான். ஆனால் 1990இல் உடன் நடித்தவரின் அடையாள அட்டை நகலை 2021இல் எங்கே தேடுவது? மூத்தவர்கள் சொந்தமாக வைத்திருந்த பழைய சரக்கிலேயே ஒரு பகுதி விற்க முடியாததாகிவிட்டது.

ஜப்பான் தனி உலகம். அங்கே 'ஜுகுஜோ', கனிந்த பெண் என்பது பெரிய வகைமை. நாற்பதிலும் ஐம்பதிலும் முதல் படம் நடிப்பது வியப்பான செய்தியே அல்ல. பத்தில் மூன்று பேர் 65ஐ நெருங்கியோ தாண்டியோ இருக்கும் நாட்டில் தன் வயதுக்காரரைத் திரையில் பார்க்க விரும்புகிறவர்கள் இருக்கத்தான் செய்வார்கள். 2022 ஜூனில் அங்கே வந்த சட்டம், ஒப்பந்தம் கையெழுத்தானதும் ஒரு மாதம் கழித்தே படமெடுக்கலாம், எடுத்து முடித்து நாலு மாதம் கழித்தே வெளியிடலாம், வெளியான பிறகும் ஓராண்டு வரை நடித்தவர் காரணமே சொல்லாமல் ஒப்பந்தத்தை முறிக்கலாம் என்றது. ஏமாற்றி நடிக்க வைத்தவர்களிடமிருந்து காக்கவே அந்தச் சட்டம். ஆனால் ஐந்து மாதம் பணம் முடங்குவதால், மாதாமாதம் சின்னப் படங்களில் நடித்துப் பிழைத்த மூத்தவர்கள் சிலரும் அதை எதிர்த்துப் பேசினார்கள். இரண்டு பக்கமும் நியாயம் இருக்கிறது. எனக்குச் சட்டத்தின் பக்கம்தான் சாய்வு.

இதையெல்லாம் படித்துவிட்டு, கோலாலம்பூர் அடுக்குமாடியில் ஒரு கைபேசியும் வட்ட விளக்கும் போதும் என்று கணக்குப் போடுகிறவருக்கு: இங்கே இது குற்றம். தண்டனைச் சட்டம் 292ஆம் பிரிவு ஆபாசப் பொருளைத் தயாரிப்பதையும் விற்பதையும் தண்டிக்கிறது. 2002ஆம் ஆண்டின் திரைப்படத் தணிக்கைச் சட்டம் 5ஆம் பிரிவில், வைத்திருந்தாலே 10,000 முதல் 50,000 ரிங்கிட் வரை அபராதம், ஐந்தாண்டு வரை சிறை, அல்லது இரண்டும். 1998ஆம் ஆண்டின் தொடர்பு, பல்லூடகச் சட்டத்தின் 233ஆம் பிரிவு இணையத்தில் ஏற்றுவதைப் பிடிக்கும். மலேசியாவிலிருந்து பார்க்க முடியாதபடி தடுத்துவிட்டேன் என்ற வாதம் எடுபடாது. எடுத்த இடம் இதுதானே? தளத்தின் கணக்கைத் திறக்கக் கொடுத்த கடப்பிதழ் நகலும் வங்கிக்கு வந்த பணமும் அரசுத் தரப்புக்குத் தயாராகக் காத்திருக்கும் சாட்சி.

ஒருமுறைக் கூலி, உரிமை இல்லை என்ற கணக்கு மட்டும் நம் ஊருக்கு அந்நியமல்ல. உள்ளூர்த் தொலைக்காட்சி நாடகத்தில் அம்மா வேடம் போடும் நடிகைக்கும், கல்யாண மேடையில் முப்பது வருடம் பாடியவருக்கும் அதே கதைதான். 1987ஆம் ஆண்டின் பதிப்புரிமைச் சட்டம் நிகழ்த்துகலைஞருக்கு 50 ஆண்டு உரிமை தருகிறது. ஆனால் பொது இடத்தில் ஒலிபரப்பினால் கலைஞருக்கு நியாயமான ஊதியம் என்று அது சொல்வது ஒலிப்பதிவுக்கு. பாடகருக்கு அதில் ஒரு பிடி கிடைக்கிறது, நாடக நடிகைக்குக் கிடைப்பதில்லை. அவர் பெற வேண்டியதை ஒப்பந்தத் தாளில் எழுதித்தான் பெற வேண்டும். நாள் சம்பளத்தைப் பேசிவிட்டு மறுஒளிபரப்பு வரியைப் படிக்காமல் கையெழுத்துப் போடுவது அமெரிக்க நீலப்படத் தொழிலின் கோட்டையான சான் பெர்னாண்டோ பள்ளத்தாக்கிலும் ஒன்றுதான், கோலாலம்பூரின் செந்தூலிலும் ஒன்றுதான்.

சொந்தக் கடை வைத்தவர்களுக்கு ஒரு வேலை கடைசி வரை விடாது: பதிவேடு. அமெரிக்காவில் 1988ஆம் ஆண்டுச் சட்டத்தின் கீழ், எடுத்தவர் ஒவ்வொரு காட்சிக்கும் நடித்தவரின் அரசு அடையாள அட்டை நகல், இயற்பெயர், இதுவரை வைத்துக்கொண்ட எல்லாப் புனைபெயர்கள், எடுத்த தேதி ஆகியவற்றை வைத்திருக்க வேண்டும். ஒரு புனைபெயர் விடுபட்டாலோ, காலாவதியான அட்டையை நகல் எடுத்திருந்தாலோ சிக்கல். முப்பது வருடத்தில் ஐந்து பெயர் மாற்றியவரோடு நடித்தால் ஐந்தும் எழுத வேண்டும். ஏழு ஆண்டு வைத்திருக்க வேண்டும், தொழிலை நிறுத்தினால் நிறுத்திய நாளிலிருந்து ஐந்தாண்டு. எழுபதில் கடையை மூடுகிற பாட்டி எழுபத்தைந்து வரை அந்த அலமாரியைக் காலி செய்ய முடியாது. சாவி யாரிடம் என்பதை அதற்குள் பிள்ளைகளிடம் சொல்லியாக வேண்டும்.